மாப்பிள்ளை எந்தப் பக்கம்

ஆறு வருடம் ஒளிபரப்பு நிலையத்தில் இரவுப் பணி பார்த்தவனை ஆந்தை என்று கூப்பிடாமல் வேறு எப்படிக் கூப்பிடுவார்கள்? எல்லோரும் தூங்கும் நேரத்தில் பதினெட்டுத் திரைகளுக்கு முன்னால் உட்கார்ந்து, எதுவும் நடக்காமல் பார்த்துக்கொள்வதுதான் வேலை. எதுவும் நடக்காவிட்டால் ஒருவருக்கும் அவன் ஞாபகம் வராது. ஏதாவது நடந்துவிட்டால் எல்லோருக்கும் வந்துவிடும்.

வெளிவேலைக்கு அனுப்புங்கள் என்று கேட்டுக் கேட்டு அவனுக்கு வாய் வலித்துப்போன பிறகு, மேலாளர் ஒரு நேரலையைத் தூக்கி அவன் கையில் கொடுத்தார். ஏரியில் படகுப் போட்டி. ஞாயிறு காலை பத்து மணி. ஒளிபரப்பு வண்டி எங்கே நிற்கும், மின்சாரம் எங்கிருந்து வரும், கேமரா எத்தனை, கேபிள் எவ்வளவு, மழை வந்தால் என்ன செய்வது, எல்லாம் அவன் திட்டம், அவன் பொறுப்பு.

"படம் ஒழுங்கா வந்தா நீ வெளிவேலைக்காரன். திரையில கருப்பு விழுந்துச்சுன்னா திங்கக்கிழமை ராத்திரி பத்து மணிக்குப் பழைய நாற்காலி" என்றார் மேலாளர். அந்த அம்மாளுக்கு வளைத்துப் பேச வராது.

ஆந்தை பதினான்கு பக்கத்துக்குத் திட்டம் போட்டான். எந்த மரம் செயற்கைக்கோளை மறைக்கும், ஜெனரேட்டர் சத்தம் மைக்கில் விழாமல் இருக்க எத்தனை அடி தள்ளி வைக்க வேண்டும், வண்டியின் எடையை எந்த மண் தாங்கும், எல்லாம் அதில் இருந்தது. கழிப்பறை எத்தனை அடி தூரம் என்பதுகூட இருந்தது. அதைப் படித்துவிட்டு வண்டியில் இருந்தவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். சிரிக்கட்டும் என்று விட்டுவிட்டான்.

கேபிள் போடும் வேலையை அவன் மச்சானிடம், அதாவது மனைவியின் அண்ணனிடம், கொடுத்திருந்தார்கள். மேடை விளக்குக்காரர்களோடு பதினோரு வருடம் கேபிள் இழுத்த மனிதர். நான்கு ஆட்களோடு விடியும்போதே வந்து, ஏரிக்கரையில் வண்டியிலிருந்து முடிவுக்கோடு வரைக்கும் அறுநூறு மீட்டரையும் சுருக்கம் விழாமல் போட்டு முடித்திருந்தார். அந்த நேரம் முழுக்க ஆந்தை வண்டியின் கூரைமேல் டிஷ்ஷைத் திருப்பிக்கொண்டிருந்தான். சிக்னல் அருமை என்று நிலையத்திலிருந்து சொன்னார்கள். விசிலடித்துக்கொண்டே இறங்கி வந்தான். அப்போது மணி எட்டு இருபது.

மச்சான் கேபிளின் முனையைத் துடைத்து அவன் கையில் கொடுத்தார். வண்டியின் பக்கவாட்டில் இருந்தது துளை. கையில் இருந்த முனையிலும் துளை.

விசில் நின்றது.

வாக்கி டாக்கியில் முடிவுக்கோட்டிலிருந்து கேமரா அக்காவின் குரல் வந்தது. "இங்க கேமராலயும் முள்ளு, கேபிள்லயும் முள்ளு. ரெண்டும் சண்டைக்கு நிக்கிற மாதிரி நிக்குது. என்ன பண்ணட்டும்?"

"மச்சான், கேபிளைத் தலைகீழாப் போட்டிருக்கீங்க."

"நானா? உன் தாள்ல இருக்கிறபடிதான் போட்டேன். ஒன்பதாம் பக்கம்." மச்சான் சட்டைப் பையிலிருந்து தாளை எடுத்து, கண்ணாடியை மாட்டிக்கொண்டு உரக்கப் படித்தார். "மாப்பிள்ளை முனை வண்டியில். பொண்ணு முனை கேமராவில். இது உன் கையெழுத்துதானே?"

"ஆமா. முள்ளு இருக்கிறதுதானே மாப்பிள்ளை?"

"அது எப்படி? முள்ளு இருக்கிறதுதான் இன்னொண்ணுக்குள்ள போகுது. அடுத்த வீட்டுக்குள்ள போறது யாரு? பொண்ணு. வாங்கி வச்சுக்கிறது யாரு? மாப்பிள்ளை. பதினோரு வருசமா எங்க கடையில இப்படித்தான்."

"எங்க நிலையத்துல உள்ள போறதுதான் மாப்பிள்ளை!"

மச்சான் கண்ணாடியைக் கழற்றினார். "நீ கல்யாணம் பண்ணி எங்க வீட்டுல வந்து உட்கார்ந்துகிட்டவன். உனக்கு அப்படித்தான் தோணும்."

ஆந்தை வீட்டோடு மாப்பிள்ளை. நான்கு ஆட்களும் முகத்தைத் திருப்பிக்கொண்டு தோள் குலுங்கச் சிரித்தார்கள். ஆந்தைக்குச் சிரிப்பு வரவில்லை. வண்டிக்குப் பக்கத்தில் இருந்த இரண்டு கேமராக்களும் ஓடிக்கொண்டிருந்தன. ஆனால் அவை படகுகள் கிளம்புவதை மட்டும்தான் காட்டும். யார் ஜெயித்தார்கள் என்பதைக் காட்ட ஒரே ஒரு கேமராதான், அது கேபிளின் அந்தக் கோடியில் செத்துக் கிடந்தது. இரண்டு பக்கமும் பொருந்துகிற மாற்று இணைப்புத் துண்டு பதினோராம் பக்கத்தில், இரண்டு எண்ணம் என்று எழுதியிருந்தது. எழுதியவன் வண்டியில் எடுத்து வைக்கவில்லை. இரண்டும் நாற்பது கிலோமீட்டர் தள்ளி அலமாரியில் பத்திரமாக இருந்தன.

"சுருட்டிட்டு மறுபடி போட எவ்வளவு நேரம் ஆகும்?"

"அஞ்சு பேரு. மூணு உருளை. நடுவுல இவ்வளவு கூட்டம். ரெண்டு மணி நேரம், குறையாது."

எட்டரை ஆகியிருந்தது. பத்தரைக்குப் படகுகள் கரையேறி, கோப்பையையும் கொடுத்து முடித்திருப்பார்கள். ஆந்தை வண்டிப் படியில் உட்கார்ந்தான். திங்கட்கிழமை இரவு பத்து மணிக்கு என்ன சட்டை போடுவது என்பதுவரை யோசித்துவிட்டான்.

எதிரே தேநீர்க் கடையில் நீள வரிசை. இடம் போதாமல் வரிசை ஒரு கம்பத்தைச் சுற்றி வளைந்து, முன்னால் நின்றவர்கள் பின்னால் நின்றவர்களைத் தாண்டி எதிர்ப்பக்கமாகப் போய்க்கொண்டிருந்தார்கள். யாரும் யாரையும் தூக்கி மாற்றி வைக்கவில்லை. நடந்தார்கள், அவ்வளவுதான்.

ஆந்தை குனிந்து தன் ஷூ கயிற்றை உருவினான்.

"மாப்ள, எதுக்கு இப்ப அதைக் கழட்டுற? மனசு விட்டுடாதே" என்றார் மச்சான்.

"பாருங்க மச்சான்." கயிற்றைத் தரையில் நேராக நீட்டினான். ஒரு முனையைப் பிடித்து, அப்படியே மடக்கித் திருப்பி, வந்த வழியிலேயே இழுத்தான். கயிறு ஒரே இடத்தில் வளைந்து பின்னாலேயே வந்தது. கடைசியில் முன்முனை இங்கே இருந்தது, பின்முனை அங்கே. "சுருட்டவே வேணாம். மூணு மீட்டருக்கு ஒரு ஆள் கேபிளைப் பிடிச்சுக்கணும். முதல் ஆள் முடிவுக்கோட்டுல திரும்பி வண்டியைப் பார்த்து நடக்கணும். மத்தவங்க பின்னாடியே. ரயில் மாதிரி."

"அதுக்கு இருநூறு பேர் வேணுமே."

ஆந்தை கரையைக் காட்டினான். ஆயிரம் பேர் போட்டி எப்போது தொடங்கும் என்று சும்மா உட்கார்ந்திருந்தார்கள்.

ஒலிபெருக்கியில் பேசிக்கொண்டிருந்த அறிவிப்பாளர் விஷயத்தைக் கேட்டதும் புதையல் கிடைத்தவர் போல ஆகிவிட்டார். தண்ணீரில் இறங்காதீர்கள் என்று காலையிலிருந்து நூறு தடவை சொல்லி அவருக்கும் அலுத்திருந்தது.

"அன்பான ரசிகப் பெருமக்களே! டிவிக்காரங்க கேபிளைத் தலைகீழாப் போட்டுட்டாங்க! மாப்பிள்ளை யாரு, பொண்ணு யாருன்னு அவங்களுக்குள்ளயே தகராறு! யாரு ஜெயிச்சாங்கன்னு வீட்டுல இருக்கிறவங்க பார்க்கணும்னா, இருநூறு பேர் எழுந்து வாங்க!"

மானம் கப்பலேறியது. ஆனால் கூட்டம் எழுந்து வந்தது. இருநூறு கேட்டால் முந்நூறு. குடையோடு ஒரு கிழவர், கைக்குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு ஒரு பெண், ஒரு கையில் கேபிளும் மறுகையில் போனுமாக, கடன் கேட்டவனிடம் இல்லை என்று சொல்லிக்கொண்டிருந்த ஒருவர், துடுப்பைக் கீழே போட்டுவிட்டு வந்த ஈர உடை வீராங்கனைகள்.

ஆந்தை தொண்டை கிழியக் கத்தினான். "உள்ள இருக்கிறது கண்ணாடி இழை! மடக்காதீங்க, மிதிக்காதீங்க, இழுக்காதீங்க!" உருளைகள் இணையும் இரண்டு இடங்களிலும் மச்சானின் ஆட்கள் நின்றார்கள். முனைகளுக்கு ரப்பர் மூடி போட்டு, மேலே பிளாஸ்டிக் பையும் கட்டியாயிற்று. மச்சான் யாருடைய சைக்கிளையோ பிடுங்கிக்கொண்டு முடிவுக்கோட்டுக்குப் பறந்தார். அவர்தான் இன்ஜின். வண்டிப்பக்க முனையை ஆந்தை எடுத்துக்கொண்டான். அவன் கடைசிப் பெட்டி.

மணி ஒன்பது ஐந்து. அந்தக் கோடியிலிருந்து மச்சான் "கூ" என்றது கேட்டது. கேபிளைப் பிடித்திருந்த அத்தனை பேரும் திருப்பிக் கூவினார்கள். ரயில் நகர்ந்தது.

முதலில் தடுமாறியது. ஒருவர் செருப்பை விட்டுவிட்டுக் குனிய, பின்னால் வந்தவர்கள் முட்டிக்கொண்டு நின்றார்கள். பிறகு நடை சேர்ந்துவிட்டது. முடிவுக்கோட்டுக் கொடிக்கம்பத்தைச் சுற்றித் திரும்பியவர்கள் எதிரே வர ஆரம்பித்தார்கள்.

"எங்க போறீங்க?"

"நீங்க இருந்த இடத்துக்கு! நீங்க?"

"நீங்க இருந்த இடத்துக்கு!"

"அங்க வெயிலு அதிகம், குடையைக் கேட்டு வாங்கிக்குங்க!"

பாதி வழியில், கழுத்து நரம்பு புடைக்கக் கூவிக்கொண்டு மச்சான் எதிரே வந்தார். வண்டி இழுத்த மாடுபோல் வியர்த்திருந்தார். முகம் மட்டும் பூரித்துப் போயிருந்தது.

"மாப்ள! இப்ப யாரு யாரு வீட்டுக்குப் போறாங்க?"

"யாரு போனா என்ன, வேகமாப் போங்க மச்சான்!" என்று கத்திய ஆந்தைக்குச் சிரிப்பு அடக்க முடியவில்லை. வேலை நேரத்தில் இப்படி வாய்விட்டுச் சிரித்து எத்தனை வருடம் ஆயிற்று என்று அவனுக்குத் தெரியாது. இரவுப் பணியில் சிரிக்கிறவனைப் பார்த்தால் காவலாளி பயந்துவிடுவான்.

முடிவுக்கோட்டில் கேமரா அக்கா கை நீட்டிக் காத்திருந்தார். பையை அவிழ்த்து, மூடியைக் கழற்றி, முனையை ஊதித் துடைத்துக் கேமராவில் செருகினார். டக்கென்று உட்கார்ந்தது. ஒன்பது இருபத்தொன்று. அந்தக் கோடியில் மச்சானும் தன் முனையை வண்டியில் செருகினார். 

வாக்கி டாக்கியில் வண்டிக்குள் இருந்த இயக்குநரின் குரல் வந்தது. "படம் வந்துருச்சுப்பா. யாரோ ஒருத்தன் ஒரு ஷூல கயிறு இல்லாம நிக்கிறான்."

கரை முழுக்கக் கைதட்டல். போட்டி தொடங்குவதற்கு முன்பே ஜெயித்தாகிவிட்டது போல ஒருவரை ஒருவர் கட்டிக்கொண்டார்கள். பத்து மணிக்குப் படகுகள் கிளம்பின. கருப்பு விழவில்லை. வீராங்கனைகளின் படகு அரையடி வித்தியாசத்தில் முந்தியபோது, அந்த அரையடியும் ஊசி முனைபோலத் தெளிவாகத் திரையில் இருந்தது.

பன்னிரண்டு மணிக்குக் கரை காலி. காலையில் முந்நூறு பேர் வந்த இடத்தில் கேபிளைச் சுருட்ட ஒருவரும் இல்லை; மச்சானின் ஆட்களும் சாப்பிடப் போயிருந்தார்கள். ஆந்தையும் மச்சானும் உருளையைச் சுற்றிக்கொண்டிருந்தபோது போன் அடித்தது. மேலாளர்.

"காலைல சோதனைப் படத்துல ஏதோ ஊர்வலம் போச்சே, அது என்ன?"

"கேபிளைத் திருப்பினோம் மேடம்."

"யாரு தப்பு?"

ஆந்தை மச்சானைப் பார்த்தான். மச்சான் உருளையைப் பார்த்தார். "என் தப்பு மேடம். ஒரே வார்த்தையை எல்லாரும் ஒரே மாதிரி புரிஞ்சுக்குவாங்கன்னு எழுதிட்டேன். மாற்று இணைப்பும் எடுத்துட்டு வரல."

"ம்." தாள் புரட்டும் சத்தம் கேட்டது. "அடுத்த மாசம் மாரத்தான். நாற்பத்திரண்டு கிலோமீட்டர். புதன்கிழமைக்குள்ள திட்டம் வேணும்."

"அப்ப நாளைக்கு ராத்திரி?"

"உன் இடத்துக்கு வெள்ளிக்கிழமையே ஆள் போட்டாச்சு. இதைச் சொன்னா நீ மெத்தனமா இருப்பன்னு சொல்லல." போன் வைக்கப்பட்டது.

ஆந்தை ஏரியைப் பார்த்து ஒரு கூச்சல் போட்டான். கரையில் இருந்த கொக்குகள் எழுந்து பறந்தன. விஷயத்தைக் கேட்ட மச்சான் அவன் முதுகில் ஓங்கி ஒன்று வைத்தார். பிறகு அவர் முகம் மெல்ல மாறியது.

"மாப்ள, நாற்பத்திரண்டு கிலோமீட்டருக்குமா கேபிள்?"

"இல்ல மச்சான். அதுக்கெல்லாம் மோட்டார் பைக், கம்பியில்லாக் கருவி."

"அப்பாடா" என்று மச்சான் உட்கார்ந்துவிட்டார். ஆந்தையும் பக்கத்தில் உட்கார்ந்தான். இன்னும் நானூறு மீட்டர் சுருட்ட வேண்டியிருந்தது.