கடைசி பாரா

சண்முகவடிவு ஐஸ் பெட்டியின் கண்ணாடி மேல் லேமினேட் செய்த பேப்பரை வைத்துவிட்டு மார்பில் அடித்துக்கொண்டாள். “யக்கா, இன்னா எழுத்து எழுதுன! இதப் பாத்துட்டுதானே எங்களுக்குத் தண்ணி லாரி வுட்டானுங்க! பத்து வருசமா பத்திரமா வச்சிக்கினு கீறனே!”

பெட்டிக்குள் தேவானை மூக்கில் பஞ்சோடு படுத்திருந்தாள். நேற்று காலை நெஞ்சு வலிக்கிறது என்று உட்கார்ந்தவள் எழுந்திருக்கவில்லை. அவள் கணவர் புகழேந்தி தலைமாட்டில் நின்றபடி அந்தப் பேப்பரைப் பார்த்தார். கோட்டூர்புரம் ஆற்றங்கரைக் குடிசைகளைக் காலி செய்து சண்முகவடிவையும் மற்ற ஜனங்களையும் ஊருக்கு வெளியே கொண்டுபோய்த் தள்ளியபோது தேவானை எழுதிய கட்டுரை. உச்சியில் கொட்டை எழுத்தில், ‘ஆறு இங்கே, ஆட்கள் எங்கே?’ அதற்குக் கீழே அவள் பெயர்.

அந்தத் தலைப்பு புகழேந்தி போட்டது. கையிலிருந்த டீ ஆறுவதற்குள் போட்டது.

இருவரும் ஒரே நாளில் ஒரே பத்திரிகையில் சேர்ந்தவர்கள். அவள் சட்டமன்றம், கட்சி மாநாடு, டிசம்பர் கச்சேரி, நாடகம் என்று சுற்றினாள். இவர் டெஸ்கில் உட்கார்ந்து பிழை திருத்தினார், வெட்டினார், தலைப்பு வைத்தார். முப்பது வருஷத்தில் அவள் பெயர் வராத வாரம் இல்லை. இவர் பெயர் ஒரு தடவைகூட வந்ததில்லை. கல்யாண வீடுகளில் “தேவானை மேடம் ஹஸ்பெண்டா?” என்பார்கள். சிரித்துவைப்பார். வயிறு எரியும். அவள் செத்துக் கிடக்கிற இன்றைக்கும் அந்த எரிச்சல் அடங்கவில்லை. காலையிலிருந்து வந்தவர்களெல்லாம் அந்தத் தலைப்பைத்தான் சொல்லிச் சொல்லி அழுதார்கள்.

பத்திரிகையிலிருந்து கயல் போன் செய்தாள். தேவானையிடம் வேலை பழகிய நிருபர். அஞ்சலிக் குறிப்பை எழுதுவது அவள்தான்.

“சார், இந்த நேரத்துல தொந்தரவு பண்றேன். விளம்பரம் ஒண்ணு வந்துடுச்சு, நாலு வரி குறைக்கணும். மேடத்தப் பத்தினத வெட்ட எனக்குக் கை வரல.”

“படி.”

படித்தாள். மூன்றாவது பாராவில் அந்த ஆற்றங்கரைக் கட்டுரை, தலைப்போடு. காதால் கேட்டே அளந்துவிட்டார், நாலு வரி. கடைசி பாரா: ‘தேவானையின் கணவர் புகழேந்தி, இதே நாளிதழில் முப்பது ஆண்டுகள் உதவி ஆசிரியராகப் பணியாற்றி ஓய்வு பெற்றவர்.’ அதுவும் நாலு வரி.

மூணாவது பாராவை எடுத்துடு என்று சொல்ல நாக்கு நுனிவரை வந்துவிட்டது. யாரும் ஒன்றும் கேட்கப்போவதில்லை. முதல்முறையாக அச்சில் அவர் பெயர்.

சண்முகவடிவு முந்தானையால் அந்தப் பேப்பரைத் துடைத்தாள். பக்கத்திலிருந்தவளுக்குத் தலைப்பின் மேல் விரலை ஓட்டி எழுத்துக் கூட்டிப் படித்துக் காட்டினாள். “ஆ… று…”

“கடைசி பாராவ எடுத்துடும்மா” என்றார் புகழேந்தி.

“சார், அதுலதான் உங்க பேர் இருக்கு.”

“தெரியும். எப்பவும் கீழேர்ந்துதானே வெட்டுவோம்.”

மூன்று மணிக்கு வண்டி வந்தது. டிரைவர் மயானத்தில் கொடுக்க வேண்டிய படிவத்தை நீட்டினார். புகழேந்தி சட்டைப்பையிலிருந்து பேனாவை எடுத்தார். இறந்தவர் பெயர் என்ற இடத்தில் தேவானை என்று எழுதினார். அதற்குக் கீழே விண்ணப்பதாரர் பெயர், சின்னக் கட்டம். அப்பா பெயரையும் சேர்த்து, பொன்னுரங்கம் புகழேந்தி என்று எழுத ஆரம்பித்தார். பாதியிலேயே கட்டம் நிரம்பிவிட்டது.

“இடம் பத்தாது சார். இனிஷியல் போட்டா போதும்.”

“பரவால்ல” என்றார் புகழேந்தி. கோட்டைத் தாண்டி, தாளின் ஓரம்வரை, கடைசி எழுத்தையும் எழுதி முடித்தார்.