சிறுத்தைப் பாறையில் ஐம்பத்தேழு வயல்கள்

2016ஆம் ஆண்டு நவம்பர் மாதம் 11ஆம் நாள், வெள்ளிக்கிழமை, காலை ஆறரை மணிக்குச் சிறுத்தைப் பாறையின் உச்சியில் ஐம்பத்தேழு மழைகள் பெய்யத் தொடங்கின. அவை ஒன்றாகப் பெய்யவில்லை. ஒன்று பதினொரு நிமிடம் பெய்து ஓய்ந்தபின் அடுத்தது தொடங்கியது. பாறையின் அடிவாரத்தைத் தாண்டி ஒரு துளியும் விழவில்லை. அன்று பாறையடி ஊரான கியாண்டூலாவின் சந்தையில் பாசிப்பயறு கிலோ தொண்ணூறு ஷில்லிங்குக்கும், கழுதை சுமந்து வந்த தண்ணீர் கேன் ஒன்று இருபது ஷில்லிங்குக்கும் விற்றன. கிடூயி மாவட்டத்தின் கிழக்குப் பகுதி முழுவதும் வானம் வெளுத்துக் கிடந்தது; விதைத்த துவரையும் தட்டைப்பயறும் மண்ணுக்குள் காத்திருந்தன.

இதற்குக் காரணம் பதிவேட்டில் இருந்தது. பதிவேடோ சியோம்புவா முன்யோக்கியிடம் இருந்தது. பள்ளி அலுவலகத்தில் முப்பத்தோராண்டுகள் எழுத்தராக இருந்து ஓய்வுபெற்ற அவர், ஊரின் வயல்வேலைக் குழுவுக்குச் செயலாளர். ஐம்பத்தேழு பெண்கள் முறைவைத்து ஒருவர் வயலில் மற்றவர் வரப்பு வெட்டும் அந்தக் குழுவில், மண்வெட்டியைத் தலைகீழாகச் சாய்த்து வைப்பதற்கும் அவர் அபராதம் விதிப்பார். மூத்த மகளின் பெயரால் அவரை எல்லோரும் முதேயு அம்மா என்றே அழைத்தார்கள். அவர் முன்னால் பேசும்போது சொற்களை ஒருமுறை சரிபார்த்துக்கொள்ளும் வழக்கம் ஊரில் இருந்தது.

செப்டம்பரில் நைரோபியிலிருந்து வறட்சிக் காப்பீட்டு முகவர் ஒருவர் வந்திருந்தார். வயலைப் பார்க்க இனி யாரும் வரமாட்டார்கள் என்றும், அதனால் கட்டணம் குறைவு என்றும் அவர் விளக்கினார். வயல் இருக்கும் இடத்தைச் செயற்கைக்கோள் மேலிருந்து பார்க்கும். அது கண்ட மேகத்தையும் பசுமையையும் முப்பதாண்டுக் கணக்கோடு ஒப்பிட்டு, எவ்வளவு விளைந்திருக்கும் என்பதை ஒரு கணித மாதிரி சொல்லும். குறைவாக விளைந்திருந்தால் பணம் தானாகவே கைபேசிக்கு வந்துவிடும். முகவர் செய்ய வேண்டியது, ஒவ்வொரு வயலுக்கும் நடந்து சென்று, அங்கே நின்று, கைபேசியில் ஒரு பொத்தானை அழுத்துவது மட்டுமே. அதற்கு ஒன்பது நாள்கள் ஆகும். மேலும், ஊரில் கைபேசிக்கு அலை கிடைத்த ஒரே இடம் சிறுத்தைப் பாறையின் உச்சி. ஒன்பது நாள் வீணாவதைச் சியோம்புவாவால் ஏற்க முடியவில்லை. செப்டம்பர் 10ஆம் நாள், சனிக்கிழமை, காலை எட்டு மணிக்கு அனைவரும் பாறைக்கு வரவேண்டும் என்று அறிவித்தார். உச்சியில் சுண்ணக்கட்டியால் ஒரு கூட்டல் குறி போட்டு, அதைச் சுற்றி வட்டக் கோடும் இழுத்து, ஒவ்வொருவரும் அதன்மேல்தான் நிற்க வேண்டும் என்றார்.

நாற்பதாம் எண்ணாகப் பதிந்த கலெக்யே, ஊரில் வாயாடி என்று பெயரெடுத்தவர். “வயலு கீழ கெடக்கு, நாங்க மேல நிக்கிறோம். மிஷினு கொழம்பிப் போகாதா?” என்று அவர்தான் கேட்டார்.

“பேரும் நம்பரும் சரியா இருந்தாப் போதும்மா” என்றார் முகவர், நிழல் தேடியபடி.

“பேச்சக் கொறச்சுக் கோட்டுக்குள்ள நில்லு, கலெக்யே. உன் எடது காலு வெளிய இருக்கு” என்றார் சியோம்புவா.

ஆக, ஐம்பத்தேழு வயல்களும் ஒரே சுண்ணக்குறியின்மேல் இருப்பதாகக் கணித மாதிரி அறிந்துகொண்டது. மாதிரி அறிந்ததை வானமும் அறிந்துகொண்டது. அது எப்படி அறிந்தது என்று யாரும் விசாரிக்கவில்லை; பார்த்தவர்கள் பார்த்ததை மட்டும் சொன்னார்கள். அந்த நவம்பர் வெள்ளியன்று ஊரே பாறையடியில் கூடி, தத்தம் மழையை அடையாளம் கண்டது. முதல் மழை சியோம்புவாவுடையது. மெல்லிய, நேரான, அடித்தல் திருத்தல் இல்லாத மழை. இருபத்திரண்டாவது, மும்புவாவின் மேட்டு நிலத்துக்கு ஆண்டுதோறும் மேற்கிலிருந்து சாய்ந்து வரும் மழை. அதே சாய்வில் வந்தது. கலெக்யேயின் மழை வெயிலைக் கூட்டிக்கொண்டு சளசளவென்று பெய்தது. எதற்கும் தாமதமாகவே வரும் கட்டூங்கேயின் எண் பதினேழு. அந்த மழைக்காக வானம் நாற்பது நிமிடம் வெறுமனே நின்றது. கட்டூங்கே மூச்சிரைக்க ஓடிவந்து சேர்ந்த பிறகுதான் அது பெய்தது. மாலை ஐந்தே முக்கால் ஆவதற்குள் ஐம்பத்தேழாவது மழையும் ஓய்ந்தது. கீழே வயல்களில் புழுதி பறந்தது.

அந்தப் பருவத்தில் ஒன்பது நாள்கள் இவ்வாறு பெய்தது. முதல் நாள் தண்ணீரெல்லாம் வழுக்குப் பாறையில் வழிந்தோடி முட்புதரில் மறைந்தது. “மழையத் திட்டி என்ன பண்றது, அது வந்த எடத்துல புடிச்சு வைப்போம்” என்று கலெக்யே சொன்னதும், குழு வறண்ட ஆற்றிலிருந்து மணல் சுமந்து, பன்னிரண்டு நாள்களில் பாறையடியில் இடுப்பளவு சுவரொன்றை எழுப்பியது. சுவருக்குப் பின்னால் குளம் நிறைந்தது. டிசம்பர் தொடக்கத்தில் அக்கம்பக்கத்து ஊர்க் கழுதைகள் பதினான்கு கிலோமீட்டர் நடந்து ஆற்று ஊற்றுக்குப் போயின; கியாண்டூலாவின் கழுதைகள் படுத்திருந்தன. கிறிஸ்துமஸுக்குள் மூன்று ஊர்கள் அந்தக் குளத்தில் நீர் எடுத்தன. வயல்கள் ஐம்பத்தேழும் செத்தன. மாடு ஒன்றுகூடச் சாகவில்லை.

ஜனவரி 20ஆம் நாள் ஐம்பத்தேழு கைபேசிகளுக்கும் ஒரே செய்தி வந்தது. குழுவின் சார்பில் அதை உரக்கப் படிக்க வேண்டியவர் செயலாளர். “இந்தப் பருவத்தில் உங்கள் வயலில் மழை மிகுதி. இழப்பீடு இல்லை. வாழ்த்துகள்” என்று சியோம்புவா, நிறுத்தக்குறிகளுக்கு உரிய இடைவெளி விட்டுப் படித்தார்.

“வாழ்த்துறானா? வரச் சொல்லு அவன, என் வயல்ல செருப்பில்லாம ஒரு நடை நடக்கட்டும்” என்றார் கட்டூங்கே. சிலர் சிரித்தார்கள். அதிகம் பேசாத மும்புவா, “முதேயு அம்மா சொன்னாங்கன்னுதானே வரிசையில நின்னோம்” என்றார். அவர் குரலில் கோபம் இல்லை. மார்ச் மழையும் பாறைக்கே போனால் சியோம்புவாவின் சொல்லை நம்பிய ஐம்பத்தாறு குடும்பங்களுக்கு விதையும் மிஞ்சாது. அன்றே அவர் ஓரம் விட்டுக் கோடிட்ட நான்கு பக்கக் கடிதம் எழுதி, கணித மாதிரியைச் செய்தவர் யாரோ அவருக்கு என்று உறையின்மேல் குறித்து நைரோபிக்கு அனுப்பினார்.

பிப்ரவரி 22ஆம் நாள் அவர் வந்தார். பெயர் ஓயூகி, ஒல்லியானவர், நைரோபியில் நான்காம் மாடியில் குடியிருப்பவர், ஒரு செடிகூட வளர்த்ததில்லை என்று தாமாகவே ஒப்புக்கொண்டார். கணினித்திரையில் கியாண்டூலாவைத் திறந்தபோது, வயல்கள் இருக்க வேண்டிய இடமெல்லாம் வெறுமையாக இருக்க, பாறையின்மேல் ஒரே ஒரு புள்ளி இருந்தது. பெரிதாக்கினார், பின்னும் ஒரே புள்ளி. ஐம்பத்தேழு வயல்கள் ஓர் உள்ளங்கை அகலத்தில் இருந்தன.

“உங்க கணக்குல தப்பு இருக்கா, வாத்தியாரே?” என்று சியோம்புவா கேட்டார்.

“கணக்குல இல்லம்மா. நீங்க எங்க நின்னீங்கன்னுதான் அதுக்குத் தெரியும். எங்க வெதச்சீங்கன்னு தெரியாது.” ஓயூகி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “தப்பு என்கிட்டயும் இருக்கு. அம்பத்தேழு வயலும் அச்சடிச்ச மாதிரி ஒரே பதில் சொல்லுச்சு. சந்தேகப்பட்டிருக்கணும். நான் சந்தோஷப்பட்டுட்டேன்.”

இப்படி ஒத்துக்கொள்ளும் படித்த மனிதரை ஊர் அதுவரை கண்டதில்லை. அவருக்கு மக்காச்சோளமும் பயறும் சேர்த்து வேகவைத்த சோறு இரண்டாம் முறையும் பரிமாறப்பட்டது. ஒவ்வொரு வயலுக்கும் தாமே நடந்து இடத்தைத் திருத்தித் தருவதாக அவர் சொன்னார். திருத்தினால் மார்ச் மழை அவரவர் வயலுக்கே போகும். இதைக் கேட்டதும் எழுந்த மகிழ்ச்சி, குளத்தின் பக்கமாக யாரோ திரும்பிப் பார்த்ததும் அடங்கிவிட்டது. ஐம்பத்தேழு மழைகளும் வீடு திரும்பிவிட்டால் குளத்தை நிரப்புவது எது? பாறைக்கென்று பிறந்த மழை, குருவி குளிப்பதற்கும் போதாது.

ஓயூகி கரித்துண்டு ஒன்றை வாங்கி, பாறைச் சரிவிலேயே உட்கார்ந்து ஒரு மணி நேரம் கணக்கிட்டார். எத்தனை குடும்பம், எத்தனை மாடு, வெயிலில் ஆவியாகும் நீர் எவ்வளவு என்று கேட்டுக் கேட்டு எழுதினார். பருவத்துக்கு மூன்று மழைகள் பாறையிலேயே நின்றால் குளம் வற்றாது என்பது விடை. அந்த மூன்று வயல்களுக்கும் மழையும் இராது. அவை பாறையில் இருப்பதாகவே மாதிரி நம்பும் என்பதால் இழப்பீடும் இராது.

பிப்ரவரி 25ஆம் நாள், சனிக்கிழமை, கூட்டம் பாறையடியில் நடந்தது. சியோம்புவா பதிவேட்டைத் திறந்து, முதல் எண்ணுக்கு நேரே, ‘பாறை, நிரந்தரம்’ என்று தம் கையால் எழுதி, மையை ஊதி உலர்த்தி, கூட்டத்துக்குக் காட்டினார். சுண்ணக்குறியைப் போட்டவர் தாம் என்றும், எனவே தம் மழை என்றைக்கும் பாறைக்கே உரியது என்றும், இன்னும் இருவர் கிடைத்தால் போதும் என்றும் அறிவித்தார்.

கலெக்யே எழுந்தார்.

“அடேயப்பா! ஊரையே வெயில்ல நிக்க வெச்ச ஆளு, இப்ப ஒருத்தியா நல்லவளாகப் பாக்குதா? அந்தக் கொளத்துல என் மாடு குடிக்கலயா? என் பேத்தி குளிக்கலயா? உன்னோட தப்பு இல்லன்னா இந்நேரம் நான் மாட்டுத் தோலத்தான் வித்துக்கிட்டு இருப்பேன். வயல்வேல மாதிரி இதையும் மூணு மூணு பேரா மொறவெச்சுக்குவோம். அந்த ‘நிரந்தரம்’ங்கறத அடி முதேயு அம்மா. அழகா அடி, கோடு கோணாம.”

“நாங்க நன்றி சொல்ல வந்தா, இவங்க அபராதம் கட்டுறாங்க” என்றார் மும்புவா. அவர் கூட்டத்தில் இரண்டாவது வாக்கியம் பேசியது அன்றுதான்.

சியோம்புவா அடிக்கோலை எடுத்தார். அதை வைத்துக் கோடு இழுக்க, வழக்கத்தைவிட நெடுநேரம் ஆயிற்று. இழுத்த கோடு இலேசாகக் கோணியிருந்ததைப் பக்கத்திலிருந்தவர்கள் பார்த்தார்கள். ஒன்பது நாள்கள் வயல் வயலாக நடந்து இடங்களைத் திருத்தியபின் ஊர் திரும்பப் பையைத் தூக்கிய ஓயூகி, தம்மையும் பதிவேட்டில் சேர்க்கும்படி கேட்டார். நிலமில்லாதவருக்கு மழை ஏது என்று கட்டூங்கே கேட்டதற்கு, “வர்றது வரட்டும், இங்கயே நிக்கட்டும்” என்றார். அவர் சுண்ணக்குறியின்மேல் நின்று, இரண்டு கால்களையும் கோட்டுக்குள் வைத்து, பொத்தானை அழுத்தினார். எண் ஐம்பத்தெட்டு.

மார்ச் மாத இறுதியில், மழை அவரவர் வயலில், அவரவர் குணத்தோடு பெய்தது. பாறையில் ஒன்று, இரண்டு, மூன்று ஆகிய எண்களின் மழைகள் வரிசை தவறாமல் பெய்தன. அவற்றுக்குப் பின் ஒரு சிறு மேகம் தெற்கிலிருந்து தனியாக வந்து, ஒரு துளியும் விடாமல், குளத்துக்கு மேலே பதினொரு நிமிடம் நின்றுவிட்டுப் போனது. நீர் எடுக்க வந்தவர்கள் அந்த நிழலில் குடங்களை இறக்கிவைத்து இளைப்பாறினார்கள்.

2017ஆம் ஆண்டு ஜூன் மாதம் 10ஆம் நாள், சனிக்கிழமை, அறுவடைக்குப் பின் கூடிய கூட்டத்தில் குழு இறுதியாகத் தீர்மானித்தவை வருமாறு. பருவத்துக்கு மூவர், பதிவேட்டு வரிசைப்படி, தம் மழையைப் பாறைக்கு விட்டுத் தருவார்கள். பத்தொன்பது பருவங்களில் சுற்று முடியும். அவ்வாறு தரும் ஒவ்வொருவருக்கும் மற்ற ஐம்பத்துநால்வரும் ஆளுக்கு ஒரு டின் துவரை அளப்பார்கள். டின் தலைதட்டாமல், குவித்து அளக்கப்பட வேண்டும். கட்டூங்கேயின் முறை வரும் பருவத்தில், அவர் வந்து சேரும்வரை வானத்தைக் காத்திருக்கச் செய்வது குற்றமாகக் கருதப்படாது. எண் ஐம்பத்தெட்டு எந்தச் சுற்றிலும் சேராது. அந்த மேகம் எல்லாப் பருவங்களிலும் வரலாம். பதிவேட்டில் அதற்கு நேரே, ‘விளைச்சல்’ என்ற பத்தியில், சியோம்புவா, ‘நிழல், பதினொரு நிமிடம், நன்றியுடன் பெறப்பட்டது’ என்று எழுதினார். கூட்டம் கைதட்டி அதை ஏற்றது.