கேமரா திரும்பாத பக்கம்

முந்திரிக்கொட்டை உடைக்கும் கொட்டகை வாசலில் பிரகதாம்பாள் டிரைபாடை விரித்துக்கொண்டிருந்தபோது, ராசாத்தி வந்து அதன் ஒரு காலைப் பிடித்துக்கொண்டாள்.

"அக்கா, நாளைக்கிக் கேமரா வேணாம்."

விளையாட்டு என்று நினைத்துத்தான் பிரகதா நிமிர்ந்தாள். ராசாத்தியின் முகத்தில் விளையாட்டு இல்லை.

கந்தர்வக்கோட்டைக்குப் பக்கத்திலிருந்த அந்த ஊரில் கொட்டை உடைக்கும் பெண்கள் தங்கள் வேலையைப் பற்றித் தாங்களே ஒரு நாடகம் கட்டியிருந்தார்கள். கல்யாண வீடுகளுக்கு வீடியோ எடுத்துப் பிழைக்கும் பிரகதா, முகூர்த்தமில்லாத நாளெல்லாம் புதுக்கோட்டையிலிருந்து ஸ்கூட்டியில் வந்து அதைப் படமாக்கிக்கொண்டிருந்தாள். மேடையேறும் நாள்தான் படத்தின் முடிவு. ஆண் சட்டையும் ஒட்டுமீசையுமாக, உடைத்த பருப்பை எடை போட்டுக் கூலி தரும் ஏஜெண்டாக நடிப்பவள் ராசாத்தி. அவள் இல்லாமல் நாடகமும் இல்லை, படமும் இல்லை.

ஒத்திகையை யாரோ செல்போனில் எடுத்து அனுப்ப, அது சுற்றிச் சுற்றி சார்ஜாவிலிருக்கும் அவள் கணவன் குணசேகரனிடம் போயிருந்தது. உடன் தங்கியிருப்பவர்கள் பார்த்துவிட்டுச் சிரித்தார்களாம்.

"இன்னொரு வீடியோ வந்துச்சுன்னா வேலைக்கே போகக் கூடாதுன்னுட்டாரு. அத்தையும் அவுக மகன் பக்கந்தான்."

"அப்ப நடிக்கலையா?"

"யாரு சொன்னா? நடிக்கத்தான் போறேன். கேமராவுல வர மாட்டேன், அம்புட்டுத்தான்."

"நான் வேணா அவருகிட்டப் பேசட்டுமா?"

"வேணாங்க்கா. நானே பேசிக்கிறேன். இப்ப இல்ல."

பிரகதாவுக்குக் கோபம் வந்தது. அதைக் காட்டாமல் கேட்டாள். "கொரலு?"

ராசாத்தி டிரைபாடின் காலை விட்டாள். "கொரலு வரட்டும்."

திரும்பும் வழியில், தைலமரக் காட்டைக் கடக்கும்போது, தூரத்திலிருந்து பெரிய லென்ஸில் எடுத்துவிட்டால் யாருக்குத் தெரியும் என்று தோன்றியது. நாடகம் நடக்கும் திடலுக்கு எதிரே தண்ணீர்த் தொட்டி இருந்தது. அதன் ஏணியில் எந்தப் படியில் உட்காரலாம் என்பதுவரை மனது போய்விட்டது. அப்புறம் தன்மீதே எரிச்சல் வந்தது. இத்தனை நாள் அடுப்படி வரை கூட்டிக்கொண்டு போய்க் காட்டியவளை, கடைசி நாளில் திருட்டுத்தனமாக எடுப்பதா? மாட்டாள். அதற்காகப் படத்தை விடவும் மாட்டாள்.

மறுநாள் பொழுது சாய, திடலில் சனம் சேர்ந்தது. பிரகதா மேடை ஓரத்தில் மைக்கை வைத்தாள். கேமராவை மேடைக்கு முதுகு காட்டி நிறுத்தினாள்.

"என்னங்க, திருப்பி வச்சுட்டீங்க?" என்றார் ஒருவர்.

"சரியாத்தான் வச்சிருக்கேன். நீங்க உக்காருங்க."

திரைச்சேலையை விலக்கிப் பார்த்த ராசாத்தி, மீசையை அழுத்தி ஒட்டிக்கொண்டாள்.

நாடகம் தொடங்கியது. கேமராச் சட்டத்துக்குள் சனத்தின் முகங்கள். ஏஜெண்டின் குரலுக்கு ஒவ்வொன்றாக அவிழ்ந்து சிரித்தன. இரண்டாம் வரிசையில் ராசாத்தியின் மாமியார் மூக்காயி மட்டும் உதட்டை இறுக்கிக்கொண்டு, கொட்டை எண்ணெய் பட்டுக் கறுத்த கைகளை மடியில் கோத்து உட்கார்ந்திருந்தாள். முப்பது வருசமாக உடைக்கிறவள். ஏஜெண்டு சாக்கை உதறி, "இதுல பாதி சொத்தையா இருக்கும்மா" என்றதும் விருட்டென்று எழுந்தாள்.

"ஏ ராசாத்தி, நிறுத்துடி!"

திடல் அடங்கிப்போனது. மூக்காயி கேமராவைக் கடந்து மேடையேறும் சத்தம் பிரகதாவின் முதுகுக்குப் பின்னால் கேட்டது.

"எந்த ஏஜெண்டுடி இம்புட்டு மரியாதையாப் பேசுறான்? தராச இங்கிட்டுக் குடு. நான் காட்டுறேன்."

கூட்டம் ஓவென்று கத்தியது. பிரகதாவின் கை தானாக டிரைபாடின் பிடிக்குப் போனது. ஒரு திருப்புத் திருப்பினால் போதும். மூக்காயி தன்னை எடுக்க வேண்டாமென்று சொன்னவளில்லை. ஆனால் பக்கத்திலேயே ராசாத்தி நிற்கிறாள்.

கையை எடுத்துக்கொண்டாள். சட்டத்துக்குள், நெருக்கி உட்கார்ந்த பெண்களுக்கு நடுவில், ஓர் ஆள் எழுந்துபோன இடம் காலியாகக் கிடந்தது. அதன் இரண்டு பக்கமும் ஒருத்திமீது ஒருத்தி சாய்ந்து கண்ணில் நீர் வரச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். பின்னாலிருந்து இரண்டு ஏஜெண்டுகளின் குரல்கள் ஒன்றையொன்று மிஞ்சி ஏறிக்கொண்டே போயின.