யாரெலி, ஒரு நிமிஷம்

இரண்டாம் பீரியடில் கணக்கு டீச்சர் போர்டில் எக்ஸைத் தேடத் தொடங்குவார். அது கிடைப்பதற்குள் ஒலிபெருக்கி கனைத்துக்கொள்ளும்.

"யாரெலி மொன்டெஹானோ, ஒரு நிமிஷம் ஆபீசுக்கு வா."

யாரெலி பையை மாட்டிக்கொண்டு எழுவாள். அந்த எக்ஸ் கடைசியில் எங்கே கிடைத்தது என்று அவளுக்கு இன்றுவரை தெரியாது.

கலிபோர்னியாவின் அந்த ஆரஞ்சுத் தோட்ட ஊரில் முக்கால்வாசிப் பிள்ளைகளின் வீட்டில் ஸ்பானிஷ்தான். பள்ளி ஆபீசில் அது ஒருவருக்கும் தெரியாது. துணை முதல்வர் ஹாஸ்கெலுக்கு வணக்கம் சொல்ல மட்டும் வரும்; அதிலும் ராத்திரிக்கானதைக் காலையில் சொல்வார். ஆகவே பதினேழு வயது யாரெலிதான் அங்கே மொழிபெயர்ப்பாளர். சம்பளம் கிடையாது. தனி நாற்காலி உண்டு.

வேலை எளிது. பாஸாவது சந்தேகம் என்று தோன்றும் பிள்ளையின் அம்மாவை வரவழைப்பார்கள். பிள்ளையை நெடுஞ்சாலைக்கு அந்தப் பக்கம், டயர் கடைக்குப் பின்னால் இருக்கும் 'தொடர்ச்சிப் பள்ளி'க்கு மாற்றக் கையெழுத்து வாங்குவார்கள். அங்கே போனவர்கள் யாரும் எதையும் தொடர்ந்ததாகத் தகவல் இல்லை. ஆனால் இங்கே தேர்ச்சி விகிதம் ஏறியது. வாசலில் அதற்கு ஒரு பேனர்கூடக் கட்டியிருந்தார்கள்.

கூடப் படிக்கும் சூ என்ற பையனின் முறை வந்தபோது அவன் அம்மா எர்மினியா ஆரஞ்சு பேக்கிங் ஷெட்டிலிருந்து ஏப்ரனோடு வந்து உட்கார்ந்தாள். ஹாஸ்கெல் அன்பாகச் சிரித்தார். "இவன் இங்க இருந்தா எங்க பெர்சன்டேஜ் படுத்துடும். அதை நல்ல விதமா சொல்லு. அப்புறம், சட்டப்படி அவங்க முடியாதுன்னு சொல்லலாம். சொன்னா பையன் இங்கயேதான் இருப்பான். அதையும் சொல்லணும். ஆனா சுருக்கமா."

"எவ்ளோ சுருக்கமா சார்?"

"ரொம்பவே."

யாரெலி அதைச் சுருக்கினாள், ஒன்றுமே மிஞ்சாத அளவுக்கு. காலியான இடத்தில் சொந்தமாக ஒரு வரி வைத்தாள்: "அவனுக்குன்னே பார்த்துப் பார்த்து அமைச்ச பள்ளிக்கூடம், அத்தை."

எர்மினியா நெஞ்சில் கைவைத்து நன்றி சொல்லிக் கையெழுத்துப் போட்டாள்.

சூ மட்டும் சூயிங்கத்தை ஒதுக்கிக்கொண்டு சொன்னான்: "உன் குரல் இருக்கே, சூப்பர்டி. தூக்குல போடறதுக்கு முன்னாடி தாலாட்டு பாடுற மாதிரி."

"நீ ஒழுங்கா படிச்சிருக்கணும்" என்றாள் யாரெலி. அப்போது அவளுக்குக் கணக்கில் என்ன நடக்கிறது என்று தெரியாது.

"நீ சொன்னா ஒரு அம்மாவும் அழறதில்ல" என்று ஹாஸ்கெல் அவளுக்கு ஒரு சாக்லேட் கொடுத்தார்.

ஏப்ரலில் அவரே அவளைக் கூப்பிட்டார். அன்று எதிரில் எந்த அம்மாவும் இல்லை.

"யாரெலி, நீ ஏன் கணக்கு கிளாசுக்கே போறதில்ல?"

"நீங்கதான் சார் கூப்பிடுறீங்க."

"எனக்குத் தெரியும். கம்ப்யூட்டருக்குத் தெரியாதே."

"அதுகிட்ட சொல்லிடுங்க சார்."

"வருகைப் பதிவெல்லாம் போன மாசமே மூடியாச்சும்மா." அவர் உண்மையாகவே வருத்தப்பட்டார். "நாளைக்கு உங்கம்மாவை வரச் சொல்லியிருக்கேன். மொழிபெயர்க்க யாராவது…" அறையைச் சுற்றிப் பார்த்தார். "நீயே இருந்துடேன்."

அம்மா யூஃபேமியா சர்ச்சுக்குப் போடும் நீல கவுனில் வந்தாள். கையில் துரைக்கென்று சூடாக ஒரு பொட்டலம் தமாலே, சோளமாவுக் கொழுக்கட்டை. மகளைப் பாராட்டத்தான் கூப்பிட்டிருக்கிறார்கள் என்று, தானும் எர்மினியாவும் வேலை பார்க்கும் ஷெட் முழுக்கச் சொல்லிவிட்டு வந்திருந்தாள். ஜூன் மாதப் பட்டமளிப்பு விருந்துக்கு ஆடுகூடச் சொல்லிவைத்தாயிற்று.

ஹாஸ்கெல் வழக்கமான பேச்சைப் பேசி முடித்தார். யாரெலி முதல்முறையாக ஒரு வார்த்தையும் விடாமல் சொன்னாள்.

"அம்மா, கணக்குல எனக்கு வருகை பத்தலையாம். டயர் கடைப் பள்ளிக்கூடத்துக்குப் போகச் சொல்றார். ஆனா நீ முடியாதுன்னு சொல்லலாம். சட்டமே இருக்கு. சொன்னா நான் இங்கயே இருந்து கணக்கை முடிச்சு பட்டம் வாங்கிடுவேன். முடியாதுன்னு சொல்லும்மா."

அம்மா அவளைப் பார்த்தாள். பிறகு, சிரித்துக்கொண்டிருந்த ஹாஸ்கெலைப் பார்த்தாள்.

"எர்மினியாகிட்ட இப்படி ஒண்ணும் சொல்லலியே."

"அது… நான்தாம்மா விட்டுட்டேன்."

"அவ வார்த்தை மாறாம எங்கிட்ட சொன்னா. பார்த்துப் பார்த்து அமைச்ச பள்ளிக்கூடம்னு. முடியாதுங்கற பேச்சே அதுல இல்ல. அவகிட்ட பொய் சொன்னியா, இல்ல இப்ப எங்கிட்ட சொல்றியா?"

"அவகிட்டதாம்மா. சத்தியமா. வேணும்னா இவரையே கேளு."

"கேட்டா? பதில் உன் வாயிலேருந்துதானே வரும்." அம்மாவின் குரல் தணிந்தது, அவள் கோபம் அப்படித்தான். "கிளாசுக்குப் போகாம சுத்திட்டு, இவ்ளோ பெரிய மனுஷன் முன்னாடி அவர் சொல்லாததைச் சொன்னதா சொல்ற. வெக்கமா இல்ல?"

"என்ன சொல்றாங்க?" என்றார் ஹாஸ்கெல்.

"யோசிக்கிறாங்க சார்."

அம்மா யோசித்து முடித்திருந்தாள். வாத்தியாரை மறுத்துப் பேசுவது அவள் வளர்ந்த விதத்தில் இல்லை. தமாலேயை அவர் பக்கம் நகர்த்திவிட்டு, எங்கே கையெழுத்துப் போட வேண்டும் என்று சைகையில் கேட்டாள். அதற்கு மொழிபெயர்ப்பாளர் தேவைப்படவில்லை.

அங்கே அவளுடைய கடைசி நாளன்று ஹாஸ்கெல் இன்னொரு உதவி கேட்டார். இனி சம்பளத்துக்கு ஆள் வைக்கப் போகிறார்களாம். விளம்பரத்தை ஸ்பானிஷில் எழுதித் தர வேண்டும். மொழிபெயர்ப்பாளர் தேவை. பள்ளிப் படிப்பை முடித்திருக்க வேண்டும்.

"எனக்குத் தர மாட்டீங்களா சார்?"

"தந்திருப்பேனே! நீ மட்டும் படிப்பை முடிச்சிருந்தா."

யாரெலி உட்கார்ந்து எழுதினாள். அடியில், அதே அளவு எழுத்தில் ஒரு வரி சேர்த்தாள்: பிள்ளையை வேறு பள்ளிக்கு மாற்றச் சொன்னால், பெற்றோர் முடியாது என்று சொல்லலாம்; சட்டம் இருக்கிறது.

ஹாஸ்கெல் தாளைத் தூரத்தில் பிடித்துப் பார்த்தார். "கொஞ்சம் நீளமா இருக்கே?"

"ஸ்பானிஷ் அப்படித்தான் சார். கொஞ்சம் இழுக்கும்."

அவர் முத்திரை குத்தி ஊரெல்லாம் ஒட்டச் சொன்னார்.

டயர் கடைப் பள்ளியில் டீச்சர் ஒரு கட்டு அச்சடித்த தாளைக் கொடுத்துவிட்டுத் தூங்கினார். மே மாதம் முடியும் முன்பே யாரெலி ஷெட்டில் அம்மாவுக்குப் பக்கத்தில் நின்று ஆரஞ்சு பொறுக்கினாள். சொல்லிவைத்த ஆடு வேறு யார் வீட்டுப் பட்டத்துக்கோ போயிற்று.

ஒரு மதியம் சாப்பாட்டு அறைச் சுவரில் அந்த விளம்பரம் வந்தது. அம்மா உதடசைத்துக் கடைசி வரி வரைக்கும் படித்தாள்.

"கண்ணு, இங்க பாரு. பள்ளிக்கூடமே போட்டிருக்கு. முத்திரையெல்லாம் இருக்கு."

"ம்."

"அன்னிக்கு நீ சொன்னது நிஜமா?"

"நிஜம்தாம்மா."

அம்மா திரும்பவும் முத்திரையைப் பார்த்தாள். "அப்ப எர்மினியாகிட்ட நீ…"

பின்னால் டிபன் டப்பாவோடு வரிசையில் நின்றவள் எட்டிப் பார்த்தாள்.

"எங்கிட்ட என்ன?" என்றாள் எர்மினியா. கண்ணாடியை மாட்டிக்கொண்டு சுவரை நெருங்கினாள். விரல் வைத்துப் படித்தாள். பிறகு திரும்பாமலே சொன்னாள்:

"யாரெலி, ஒரு நிமிஷம் இங்க வா."