வாரிசுச் சான்றில் இல்லாதவள்

2023 நவம்பர் 7, செவ்வாய்க்கிழமை. ஈரோட்டை அடுத்த சின்னியங்காட்டுப்புதூரில் ஒரு மாடி வீட்டின் இரும்புக் கதவில் வங்கி ஊழியர் இருவர் ஏல அறிவிப்பை ஒட்டினார்கள். ஏல நாள் டிசம்பர் 12.

"கதவச் சாத்தும்மா. தெருவே பாக்குது" என்றான் பூவேந்திரன்.

"சாத்துனாத்தான்டா ஒட்டுனது வெளிய தெரியும்" என்றாள் அவன் தாய் பாவாத்தாள்.

கதவை உள்பக்கம் முழுக்கத் திறந்து மதிலோடு சாய்த்தார்கள். அறிவிப்பு இப்போது வீட்டைப் பார்த்தது. பாவாத்தாள் அன்று சமைக்கவில்லை. வாசலில் வண்டிச் சத்தம் கேட்கும்போதெல்லாம் எழுந்து நின்றாள்.

வீடு இறந்துபோன அவள் கணவர் பெயரில் இருந்தது. அவர் போனபின் தாயும் மகனும் அதை அடமானம் வைத்து விசைத்தறிகள் வாங்கினார்கள். நூல் விலை ஏறித் தறிகள் நின்றன.

மறுநாள் ஈரோட்டு வக்கீல் பத்திரங்களைப் புரட்டிவிட்டுக் கேட்டார்: "உங்களுக்கு ஒரே பையந்தானுங்களா?"

பாவாத்தாள் மகனைப் பார்த்தாள். "பொண்ணு ஒருத்தி... இல்லீங்க."

"இல்லீன்னா? செத்துட்டாங்களா?"

"பவானியில இருக்கறாளுங்க" என்றான் பூவேந்திரன், தரையைப் பார்த்துக்கொண்டு.

மகள் வளர்மதி, காலனிப் பையன் என்று தெரு சொன்ன மணிமாறனைக் கட்டிக்கொண்டு போன மறுநாள், வீட்டார் அவளுக்குக் கண்ணீர் அஞ்சலிச் சுவரொட்டி அடித்தார்கள். கருமாதியும் செய்தார்கள். பிறகு அவள் அப்பா இறந்து வாரிசுச் சான்று வாங்கும்போது மகள் இறந்துவிட்டாள் என்றே எழுதிக் கொடுத்தார்கள். ஊரில் இரண்டு பேர் சாட்சிக் கையெழுத்துப் போட்டார்கள். பொய் சொல்வதாக அவர்களில் யாரும் நினைக்கவில்லை.

"மூணுல ஒரு பங்கு அந்தப் பொண்ணோடதுங்க. அவங்க கையெழுத்தில்லாம அடமானம் வெச்சிருக்கீங்க. அவங்க மனுப் போட்டா ஏலத்துக்குத் தடை கேக்கலாம். நீங்க போட்டா நிக்காது" என்றார் வக்கீல். "பொய்ச்சான்று பத்தியும் கேப்பாங்க. அதுக்குத் தயாரா இருங்க."

பவானியில் பகல் பதினொரு மணி. இரவு வேலை முடிந்து வந்திருந்த நர்ஸ் வளர்மதி, கம்பிக் கதவுக்கு வெளியே அம்மாவோடு நின்ற அண்ணனைக் கண்டதும் குழந்தையைப் பின்னுக்குத் தள்ளித் தாழ்ப்பாளைப் போட்டாள். ஆறு வருஷமாக அவள் பயந்துகொண்டிருந்தது இந்த முகத்துக்குத்தான்.

"கையக் காட்டுண்ணா. ரெண்டு கையும்."

அவன் காட்டினான். ஒன்றில் பத்திர உறை இருந்தது. மற்றது வெறுங்கை.

"கண்ணு, வீடு போகப்போவுது சாமி" என்று பாவாத்தாள் கம்பியைப் பிடித்துக்கொண்டாள். "நீ ஒரு கையெழுத்துப் போட்டீன்னா..."

வளர்மதி எல்லாவற்றையும் கேட்டாள். கதவைத் திறக்கவில்லை.

"செத்தவ எப்படிம்மா கையெழுத்துப் போடுவா?"

பாவாத்தாள் கம்பியிலிருந்து கையை எடுத்தாள்.

"போடறேன்" என்றாள் வளர்மதி. "நீ ஒண்டறதுக்கு அந்த வீடு வேணும். ஆனா அண்ணன் ஒரு வாக்குமூலம் எழுதோணும். என் தங்கச்சி உயிரோட இருக்கறா, மணிமாறனோட சம்சாரம், நாங்கதான் பொய் சொன்னோம்னு. அவர் பேரோட."

"ஊர்ல ஒதுக்கி வெச்சுருவாங்க புள்ள" என்றான் பூவேந்திரன்.

"வெக்கட்டும். நாங்க சாவலையே."

அவன் உறையைப் பிரித்தான். எழுத இடம் தேடினான். உள்ளே கூப்பிடுவாள் என்று பாவாத்தாள் காத்திருந்தாள். வளர்மதி கம்பிக்கு நடுவே பேனாவை நீட்டினாள். படிக்கட்டில் உட்கார்ந்து, தொடைமேல் வைத்து அவன் எழுதினான். மணிமாறன் என்ற பெயர் வந்த இடத்தில் பேனா நின்றது.

"எழுதுண்ணா" என்றாள் அவள்.

எழுதினான்.

டிசம்பர் 8ஆம் தேதி கோவையில் கடன் மீட்புத் தீர்ப்பாயம் ஏலத்துக்கு எட்டு வாரம் இடைக்காலத் தடை விதித்தது. பொய்ச்சான்று குறித்து விசாரிக்கவும் சொன்னது. மனுதாரர் மணிமாறனின் மனைவி வளர்மதி என்று உத்தரவின் முதல் பக்கத்தில் இருந்தது.

அடுத்த வாரம் ஊர்க்கூட்டம் கூடியது. அந்த வருஷம் கோயில் பொங்கலுக்குப் பாவாத்தாள் வீட்டில் வரி வாங்க யாரும் வரவில்லை.