அரங்கிலிருந்து அகற்றப்பட்ட நிலம்

தைத் திங்களின் இளங்காலை. பனித்திரை மெல்ல விலக, வானளாவிய கோபுரங்கள் துயில் களைந்து எழுவார்போல் ஒவ்வொன்றாய் முகங்காட்ட, பனிக்காலத்து அருமையால் விலை உச்சிக்கு ஏறிய மல்லிகை முகைகளின் மணம், மாட்டுத்தாவணியில் ஓடிக் களைத்து வந்து நின்ற பேருந்துகளின் புகையோடு பொருது, ஈற்றில் அதனையும் வென்று தெருக்களில் உலவத் தொடங்கும் நேரம். வண்டியூர்த் தெப்பக்குளம் வைகை நீரால் நிறைந்து, நடுமண்டபத்தின் சாயலைத் தன் நெஞ்சில் ஏந்தி, காற்று வருடுந்தோறும் அதனைக் கலைத்தும் மீளச் சேர்த்தும் விளையாடிக்கொண்டிருந்தது. இத்துணை எழிலும் நகரெல்லையோடு நின்றுவிடும். தென்மேற்கே பேரையூர் நோக்கிச் செல்லச் செல்லப் பசுமை வெளிறி, கருவேலம் மண்டி, வானத்தையன்றி வேறெதனையும் நம்ப வழியில்லாத கரிசற் புன்செய்கள், ஆண்டு முழுதும் பட்ட பாட்டுக்கு ஈடாய்ப் பருத்திக் காய்களைச் சிறிது சிறிதாய் வெடித்துக் காட்டி நிற்கும். அந்நகரையும் அந்நிலத்தையும் ஒருங்கே தன் வாழ்வில் சுமந்த ஒரு பெண்ணுக்கு நேர்ந்ததையே, தமிழ்ச்சுவை அறிந்த நண்பரே, இங்குச் சொல்லப் புகுந்தேன்.

இசைவாணி என்பது அவள் பெயர். மதுரையில் செல்வர் சிலர் கூடி நடத்திய மகளிர் கல்லூரி ஒன்றில் வரலாறு கற்பித்து வந்தாள். அவள் முன்னோர் பிறர் நிலத்தை உழுது, பிறர் களத்தில் கதிரடித்து, பிறர் அளந்து போட்ட கூலியில் உயிர் வளர்த்தவர்கள். அவள் தந்தை மருதுவின் காலத்தில், நிலமற்ற உழவர்க்கென அரசு பகிர்ந்தளித்த புன்செயில் ஒரு துண்டு அக்குடும்பத்துக்கு வாய்த்தது. கல்லும் முள்ளும் நிறைந்த அத்தரிசைத் திருத்தி விளைநிலமாக்கிய மருது, மகள் பட்டம் பெற்றதைக் கண்குளிரக் கண்டு மறைந்தார். அதன்பின் தாய் முனியாயியே அதனை உழுது வந்தார்.

கல்லூரி ஆண்டுவிழாவுக்கு நாடகம் எழுதும் பொறுப்பு அவ்வாண்டு இசைவாணியிடம் வந்தது. சேரரும் சோழரும் பாண்டியரும் ஆண்டுதோறும் அவ்வரங்கில் வாள் சுழற்றி ஓய்ந்திருந்தமையால், அங்கு யாரும் எண்ணிப் பாராத ஒருவரை அவள் தேர்ந்தாள். ஐந்து ஆறுகள் பாயும் வடபுலத்தில், முந்நூறு ஆண்டுகட்கு முன், சீக்கியர்க்கு முதன்முதல் ஓர் அரசு கண்ட பந்தா சிங் என்பவரே அவர். பெயரைக் கேட்டதும் மாணவியர் நகைத்தனர்.

"மிஸ், பேரே பந்தாவா? அப்பன்னா ரொம்ப அலட்டுற ஆளா இருப்பாரே!" என்றாள் காவ்யஸ்ரீ. பட்டுநூல் வணிகர் குடியில் பிறந்து, வீட்டில் சௌராட்டிரமும் வெளியில் மதுரைத் தமிழும் பேசி வளர்ந்த அந்த மாணவியே தலைமைப் பாத்திரமேற்று நடிக்கவிருந்தாள்.

"நம்ம ஊர்லதான் அது அலட்டல். அவங்க ஊர்ல பந்தான்னா அடிமைன்னு அர்த்தம். ஒரு ராஜா அடிமைங்கிற பேரோடயே ஆண்டிருக்காரு. யோசிச்சுப் பாரு," என்றாள் இசைவாணி. நகைப்பு அடங்கியது.

அடங்கிய அவையில் அவ்வரலாற்றை அவள் விரித்துரைத்தாள். வடமலைச் சாரலில் பிறந்து, இளமையிலேயே துறவு பூண்டு, கோதாவரிக் கரையில் குடில் அமைத்து வாழ்ந்தவர் அவர். அங்கு வந்த பத்தாம் குருவாகிய கோவிந்த சிங்கரைக் கண்டு, அக்கணமே அவர்க்கு ஆட்பட்டார். அக்குருவின் சிறுமைந்தர் இருவரைச் சர்ஹிந்து நகரின் ஆளுநன் உயிரோடு சுவர் எழுப்பி அடைத்தான் என்னும் கொடுமை நாடெங்கும் நெருப்பாய்ப் பரவியிருந்த காலம் அது. உழவரையும் கைவினைஞரையும், ஊர்ப்புறத்தே ஒதுக்கப்பட்டோரையும் படையாய்த் திரட்டி, பந்தா சிங் அந்நகரை வென்றார். வென்றோர் பலர், வென்றபின் அவர் செய்தது போலச் செய்தோர் அரியர். பெருநிலக்கிழாரின் பிடியில் கிடந்த நிலத்தை உழுதவர்க்கே உரிமையாக்கினார். அடித்து வெளியிட்ட காசிலும் தம் பெயரைப் பொறியாது குருமாரின் பெயரையே பொறித்தார். அவ்வரசு சில ஆண்டுகளே நிலைத்தது. முகலாயப் பெரும்படை அவரது கோட்டையை வளைத்து, வாளால் வெல்லமாட்டாமல் பசியால் வென்று, அவரைக் கூண்டிலடைத்துத் தில்லிக்குக் கொண்டு சென்றது. அங்கே கண்ணெதிரில் இளமகனைக் கொன்று, பின் அவரையும் சிதைத்துக் கொன்றனர்.

நாடகத்தின் உயிர்நிலை அதன் நான்காம் காட்சி. நிலம் இழந்த உழவர்கள் அரசர் முன் வந்து, நிமிரவும் துணியாது தொலைவில் நிற்க, "இத்துணைப் பேர் இருந்தும் ஒருவனுக்கு ஏன் குனிந்தீர்கள்?" என்று அவர் வினவி, மண்ணை அள்ளி அவர்கள் கையிலேயே வைப்பதாக அவள் தன் கற்பனையால் அமைத்திருந்தாள்.

விழா நெருங்கிய வேளையில் கல்லூரி முதல்வர் ராமதாஸ் அவளை அழைத்தார். மென்மையாகப் பேசுபவர், எவரையும் பகைக்காதிருப்பதையே அறமென்று கொண்டு அகவை முதிர்ந்தவர்.

"நாடகம் ரொம்ப நல்லா வந்திருக்கும்மா. அந்த நாலாவது சீன மட்டும் எடுத்துருங்க. சண்டை இருக்கு, வீரம் இருக்கு, அதுவே போதும்."

"அத எடுத்துட்டா அவர எதுக்கு சார் மேடையில ஏத்தணும்?"

"தலைமை தாங்க வாரது சூரியபிரகாஷ் சார். அவரு கட்டிக் குடுத்த அரங்கத்துல, அவர வச்சுக்கிட்டே நிலத்தப் பிடுங்கிக் குடுக்குற கதையப் போட்டா நல்லாவா இருக்கும்?"

சூரியபிரகாஷ் யார் என்பதை அம்மாவட்டம் அறியும். கதிரொளியை மின்னாக்கும் பலகைகளை நிறுவுதற்குப் பேரையூர்ப் புறத்துப் புன்செய்களைப் பரப்புப் பரப்பாய் வளைத்து வந்த பெருஞ்செல்வன். வளைத்ததில் ஒரு துளியைக் கல்லூரிக்குத் தெளித்துக் கொடையாளன் என்னும் பெயரையும் வாங்கிக்கொண்டவன். இசைவாணி வெளியே வந்தாள். அவள் நெஞ்சம் உலைக்களத்து இரும்பெனக் கனன்றது.

அக்கனல் தணியுமுன்னரே, மறுநாட் காலை, தாயின் குரல் கைப்பேசியில் ஒலித்தது.

"ஏத்தா, நம்ம காட்டுல கல்லுக்கால் ஊண்டி கம்பிவேலி போட்டுட்டானுக. பருத்தி வெடிச்சு வெள்ளை வெளேர்னு நிக்கிது. உள்ள கால வைக்க விடமாட்டேங்கிறானுக."

"யாரும்மா?"

"சூரியபிரகாசு ஆளுகதேன். என்னமோ பழைய கிரயம் இருக்காம்ல. பட்டாவத் தூக்கிக் காட்டுனா, கொண்டுபோயி அடுப்புல போடுங்கிறான். சிவனாண்டி காடு, சோணை காடு, அம்புட்டையும் வளைச்சுட்டான்."

அன்றே பேருந்தேறிச் சென்று அவள் கண்டாள். அரசு பகிர்ந்தளித்த நிலம் அது. பிறர் விலைக்கு வாங்கவும் சட்டம் இடந்தராத நிலம். அதன் குறுக்கே, புதுக்கம்பி வெயிலில் மின்ன, வேலி ஓடியது. வேலிக்கு அப்பால் பருத்தி பறிப்பாரின்றி வெடித்து, காற்றில் உதிர்ந்து, மண்ணில் புரண்டு அழுக்கேறிக்கொண்டிருந்தது. இப்பால் சிவனாண்டியும் சோணையும் இன்னும் பலரும், தாம் விதைத்த செடியைத் தாமே வேடிக்கை பார்ப்பார்போல் நின்றிருந்தனர். வேலிக்குள் நின்ற காவலன் கைப்பேசியில் ஏதோ பாட்டுக் கேட்டுக்கொண்டிருந்தான்.

கல்லூரிக்கு மீண்டவளை ராமதாஸ் மீளவும் அழைத்தார். இம்முறை கதவையும் சாத்தினார்.

"உங்க அம்மா நிலத்து விசயத்தக் கேள்விப்பட்டேன். சார்கிட்ட நானே பேசிட்டேன்மா. அந்த சீன எடுத்துருங்க, உங்க வேலிய நாளைக்கே எடுத்துருவாங்க. ஒங்களுக்கும் நல்லது, எல்லாருக்கும் நல்லது."

நண்பரே, இதனை நோக்குக. களவு செய்தவன் களவாடிய பொருளையே கையூட்டாய் நீட்டுகிறான். கற்றவர் ஒருவர் அதனைக் கருணை என்று பெயரிட்டு நடுவில் நின்று கைமாற்றுகிறார். இசைவாணி அப்போதும் உடனே மறுத்தாளல்லள். தாய் முதுகு வளைந்து எடுக்க வேண்டிய பருத்தி உதிர்வதை அவள் கண்டிருந்தாள். அன்று மாலை தாயை அழைத்து, உள்ளதை உள்ளவாறு உரைத்தாள்.

 "நம்ம வேலிய மட்டுமா எடுப்பானாம்?" என்றார் முனியாயி.

"அப்படித்தான் சொல்றாங்க."

"சிவனாண்டி காடு?"

"அதப் பத்திப் பேச்சே இல்லம்மா."

"அப்ப நான் மட்டும் உள்ள போயிப் பருத்தி எடுக்கணும். அவுக வெளிய நின்னு பாத்துக்கிட்டு இருக்கணும். எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டுத்தா எடுக்க?"

"மாட்டேன்னா வேலை போயிரும்மா."

"பயமா இருக்காத்தா?"

"இருக்கும்மா."

"எனக்குந்தேன் இருக்கு. நீ ஒன் நாடகத்தப் போடு."

விழா நாள் வந்தது. வாழையும் தோரணமும் ஒளிவிளக்கும் அரங்கை அணி செய்தன. முன்வரிசையில் நடுநாயகமாய்ச் சூரியபிரகாஷ் அமர்ந்திருந்தான். நான்காம் காட்சியை நீக்கிவிட்டதாக இசைவாணி மாணவியரிடம் கூறியிருந்தாள். தன் பொருட்டு அவர்கள் படிப்புக்குக் கேடு நேர்தல் அவளுக்கு உடன்பாடன்று. முன்னுரை கூறும் கடமை மட்டும் தன்னுடையதாக வைத்துக்கொண்டு, தனியளாய் மேடையேறி ஒலிவாங்கியின் முன் நின்றாள்.

"அவையோரே, இன்று நீங்கள் பந்தா சிங்கின் வாளைக் காண்பீர்கள். உழுதவர்க்கு அவர் நிலம் தந்த காட்சியைக் காணமாட்டீர்கள். அதனை நீக்குமாறு எனக்குக் கட்டளை. நீக்கினால் என் தாயின் நிலத்தைச் சுற்றிய வேலியை அகற்றுவதாகவும் சொல்லப்பட்டது. அவ்வேலியை இட்டவர் இதோ முன்வரிசையில் மாலையோடு அமர்ந்திருக்கிறார். என் தாயின் நிலத்தோடு பேரையூர் உழவர் பலரின் நிலமும் அதற்குள்..."

ஒலிவாங்கி ஊமையாயிற்று. அவள் குரலை உயர்த்தினாள். வகுப்பறையில் கடைசி வரிசைக்கும் எட்டப் பேசிப் பழகிய குரல் அது. அரங்கின் பின்சுவர் வரை சென்றது.

"யாருய்யா இந்தப் பொம்பள? கீழ இறக்குங்கய்யா!" என்று சூரியபிரகாஷ் எழுந்து நின்றான். ராமதாஸ் வியர்வை வழிய மேடையை நோக்கி ஓடினார்.

அவர் படியேறுமுன் திரை விலகியது. தலைப்பாகையும் நீலவுடையும் தரித்த காவ்யஸ்ரீ, உழவர் வேடமிட்ட தோழியர் பின்தொடர மேடைக்கு வந்தாள். அவர்கள் நடித்தது நாடகத்தின் முதற்காட்சியை அல்ல. யாரும் ஏவாமல், தம்முள் தாமே கலந்து முடிவு செய்து, நான்காம் காட்சியையே முதலில் நடித்தனர். மண் அள்ளும் இடம் வந்ததும் காவ்யஸ்ரீ முன்வரிசையை நேர்நோக்கி, "இத்துணைப் பேர் இருந்தும் ஒருவனுக்கு ஏன் குனிந்தீர்கள்?" என்றாள்.  அரங்கின் பின்வரிசைப் பெண்கள் எழுந்து கைதட்டினர். கைதட்டல் அலையெனப் பெருகி முன்வரிசையை முட்டியது. சூரியபிரகாஷ் மாலையைக் கழற்றி நாற்காலியில் எறிந்துவிட்டு வெளியேறினான்.

அறம் வென்றது என்று இங்கே நிறுத்தினால் நான் பொய்யன் ஆவேன். ஒழுங்கு மீறினாள் என்று கூறி, மறுநாளே இசைவாணியைப் பணியிலிருந்து நீக்கினர். மாணவியரை நிறுத்தி மன்னிப்புக் கேட்கச் சொன்னபோது, "எங்களுக்கு எழுதிக் குடுத்த நாடகத்தத்தான சார் நடிச்சோம்? எது தப்புன்னு சொல்லுங்க, அதுக்கு மன்னிப்புக் கேக்குறோம்," என்று காவ்யஸ்ரீ வினவ, அவர்களை வகுப்புக்கு அனுப்பிவிட்டனர். மேடையில் நடந்ததைப் பலர் கைப்பேசியில் படம்பிடித்திருந்தமையால் செய்தி பேரையூர்க்கும் சென்றது. ஒரு பட்டப்பகலில், ஆண்களும் பெண்களுமாய் உழவர் அனைவரும் திரண்டு சென்று கல்லுக்கால்களைப் பிடுங்கி வரப்பில் அடுக்கிவிட்டு, எஞ்சிய பருத்தியை எடுத்தனர். காவலன் தடுக்கவில்லை; தடுக்க அவன் ஒருவனே இருந்தான். அதற்காக அவர்கள்மேல் காவல்துறையினர் வழக்குப் பதிந்தனர். வேலியிட்டவன்மேல் பதியவில்லை. நில அளவர் வந்து அளந்து, உழவர் பட்டாவே மெய்யென்று எழுதிச் சென்றபின்னும், சூரியபிரகாஷ் வழக்குமன்றம் ஏறி அதனை இழுத்துக்கொண்டிருக்கிறான். அரங்கின் நெற்றியில் அவன் பெயர் இன்றும் பொன்னெழுத்தில் மின்னுகிறது.

பந்தா சிங்கைக் கொன்றவர்கள் அவர் உடலைச் சிதைத்தனர். அவர் செய்தது என்ன என்பதை மறைக்கவில்லை. நம் காலத்துச் செல்வரோ அவர் வாளுக்கு மாலை சூட்டிக் கைதட்டுகின்றனர். அவர் கொடுத்த நிலத்தை மட்டும் கதையிலிருந்து ஓசையின்றி வெட்டி எடுக்கின்றனர். இக்கொலைக்குக் குருதி இல்லை. ஆதலின் இதைக் கண்டும் நாம் விழா முடிந்து வீடு திரும்பி அமைதியாய் உண்கிறோம். இவ்வமைதியை நினைக்குந்தோறும் என் உள்ளம் கொதிக்கிறது. உங்கள் உள்ளமும் கொதிக்கட்டும்.

இசைவாணி இப்போது பேரையூரில் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லித் தருகிறாள், வருவாய் சிறிது. வழக்கில் தீர்ப்பு இன்னும் வரவில்லை. புரட்டாசி மழை வந்தது; முனியாயியும் சிவனாண்டியும் சோணையும் தத்தம் நிலத்தில் இறங்கி விதைத்துவிட்டார்கள்.