கெட்ட ஸீனோன் ஒருவன் தேவை

1

இந்தக் கதை ஒரு கெட்டவனைத் தேடிப் புறப்பட்டது. அவன் சரியாகக் கிடைத்திருந்தால் இதை எழுத வேண்டி வந்திருக்காது.

தேடச் சொன்னவள் தெயோக்னோசியா. கிரேக்கம் பேசும் தீவு நகரமான லார்னகாவில் நான் குடியிருக்கும் மாடிக்குக் கீழ்வீடு அவளுடையது. கடல்நீரைக் குடிநீராக்கும் ஆலையில் இருவருக்கும் ஒரே ஆய்வறை. நான் உப்பை அளக்கிறேன். நான் அளந்ததை அவள் சரிபார்க்கிறாள். சென்ற குளிர்காலத்தில் அவளுக்கு முதல் பிள்ளை பிறந்தது. ஆண்.

முதல் ஆண்பிள்ளைக்கு அப்பாவின் அப்பா பெயர். இங்கே அதை யாரும் யோசிப்பதில்லை, மூத்த பல் முதலில் விழுவதுபோல அது நடக்கும். அவள் மாமனார் பெயர் ஸீனோன். கணவனின் அண்ணன்மார் இருவரும் ஏற்கெனவே ஆளுக்கொரு ஸீனோனை வைத்திருக்கிறார்கள். மூன்று குடும்பமும் ஒரே முற்றத்தைச் சுற்றி இருக்கின்றன.

“மாடிலேருந்து ஸீனோன்னு கூப்பிட்டா மூணு தலை திரும்புதுடி. பள்ளிக்கூடத்துக்குப் பல் டாக்டர் வந்தப்ப சின்னவனுக்குப் புடுங்க வேண்டிய பல்லைப் பெரியவனுக்குப் புடுங்கிட்டாங்க. நாலாவதா எம் புள்ளையுமா?” என்றாள்.

அவள் மனதில் இருந்த பெயர் ஆரிஸ். அவள் குடும்பத்திலும் கணவன் குடும்பத்திலும் ஒருவருக்கும் இல்லாத பெயர். அதுதான் அதன் தகுதி.

“நீ படிச்ச பொண்ணு. பழைய காலத்துல இந்தப் பேருல ஒரு அயோக்கியனாவது இருந்திருப்பான். தேடிப் புடி. ஞாயித்துக்கிழமை சாப்பாட்டுல மாமனார் காதுல போடு.”

“நான் படிச்சது வேதியியல்.”

“அதனால என்ன? கொஞ்சம் கலந்து சொல்லு.”

“நீயே சொல்லேன்.”

“நான் சொன்னா மருமக பேச்சு. நீ சொன்னா சரித்திரம்.”

எனக்குக் கூட்டத்தில் வாய் வராது. எழுதிக்கொண்டுபோய் வாசித்துவிடலாம் என்று நினைத்தேன். அந்தக் காகிதங்கள்தான் இவை; பின்னால் நடந்ததையும் இவற்றிலேயே சேர்த்துக்கொண்டேன். அடித்த இடங்களை அப்படியே விட்டிருக்கிறேன்.

2

முதல் தொடக்கம்:

“முன்னொரு காலத்தில் எலேயா என்ற ஊரில் ஸீனோன் என்றொரு கொடியவன்—”

கொடியவன் இல்லை. ஓடுகிறவன் ஆமையைப் பிடிக்க முடியாது என்று சாதித்தவர் அவர். கொடுங்கோலன் ஒருவன் பிடித்துவைத்து, கூட்டாளிகள் பெயரைச் சொல் என்று வதைத்தபோது, தன் நாக்கையே கடித்து அவன் முகத்தில் துப்பினார் என்று கதை இருக்கிறது. சாப்பாட்டு மேசைக்கு ஆகாது. ஆனால் கெட்டவர் என்று சொல்ல முடியாது.

இரண்டாம் தொடக்கம்:

“ஸீனோன் என்று பெயர் வைத்தால் கப்பல் மூழ்கும்.”

இது நன்றாக இருந்தது. மூழ்கியவர் கீத்தியோன்காரர், கீத்தியோன் என்பது இதே லார்னகாதான். ஊதாச் சாயம் ஏற்றிப்போன சரக்கு கடலோடு போக, அவர் ஏதென்ஸில் கரையேறி ஞானியானார். அந்த ஸீனோனுக்கு இங்கே சிலை இருக்கிறது. மாமனார் அந்தப் பக்கம் போனால் தொப்பியைத் தொட்டுவிட்டுத்தான் போவார், தெருக்காரர் ஒருவரைப் பார்த்ததுபோல.

மேலும் தேடியபோது ஒன்று கிடைத்தது. அவருடைய குரு அவரிடம் ஒரு பானைப் பயறுக் கஞ்சியைக் கொடுத்து, ஊர் நடுவே தூக்கிப்போகச் சொன்னாராம். இவர் வெட்கப்பட்டு அதை அங்கிக்குள் மறைத்தாராம். குரு கைத்தடியால் பானையை உடைத்தார். கஞ்சி காலில் வழிய, இவர் ஓட்டம் பிடித்தார்.

[இங்கே எழுதுவதை நிறுத்தினேன். சம்பள நாளில் வங்கி வரிசையில் என் பெயரைக் கூப்பிட்டால் எனக்கும் காலில் ஏதோ வழிவதுபோலத்தான் இருக்கும். இவரைக் கெட்டவராக எழுதக் கை வரவில்லை.]

மூன்றாம் தொடக்கம் கிடையாது. ஒரு பட்டாளமே இருந்தது. சீதோனில் ஒரு ஸீனோன், வாய் நீளம். பெரிய மனிதர்களைக் கோமாளி என்பார். ஒரு வைத்தியர். ஓர் இலக்கணக்காரர். ரோது தீவில் ஒரு சரித்திரக்காரர். எகிப்தில் ஒரு பண்ணையைப் பார்த்துக்கொண்ட ஒருவர். தனக்கு வந்த எந்தக் கடுதாசியையும் தூக்கி எறியாதவர்.*

* இவரைப் பற்றிச் சொன்னதும் தெயோக்னோசியா, “அது எம் மாமனாரேதான். சமையலறை இழுப்பறையைத் தெறந்து பாரு, எல்லாம் பிளாஸ்டிக் பை” என்றாள்.

அவர்களை ஒருவரிலிருந்து ஒருவர் பிரிக்க ஊர்ப்பெயரோ தகப்பன் பெயரோ வேண்டியிருந்தது. தொழில் ஒன்றல்ல, சுபாவம் ஒன்றல்ல. அழைத்தால் திரும்புவதில் மட்டும் ஒற்றுமை.

3

கடைசியில் கிடைத்தார், ஒரு சக்கரவர்த்தி.

மலைநாட்டுக்காரர். பிறந்தபோது வேறு பெயர், கிரேக்கர் வாயில் நுழையாத பெயர். அரண்மனையில் மேலே வர வேண்டும் என்பதற்காக ஸீனோன் என்று மாற்றிக்கொண்டார். ஊருக்கு அவரைப் பிடிக்கவில்லை. செத்தபின் ஒரு கதை கிளம்பியது: அவர் சாகவேயில்லை, மயக்கத்தில் இருந்தவரைக் கல்லறையில் வைத்து மூடிவிட்டார்கள், உள்ளேயிருந்து கத்தியிருக்கிறார், காவலர்களுக்குக் கேட்டும் யாரும் திறக்கவில்லை.

கதைதான், நடந்ததா என்று தெரியாது. ஆனால் தெயோக்னோசியா கை தட்டினாள்.

“இது போதும்! உசுரோட பொதைச்சாங்களா? இந்தப் பேரைப் புள்ளைக்கு வைப்பாங்களா எவனாவது? நல்லா இழுத்து, பயமா வாசி.”

4

ஞாயிற்றுக்கிழமை. முற்றத்து அத்திமரத்தின் கீழ் நீள மேசை. கீரை போட்டு வேகவைத்த காராமணி, எலுமிச்சை, எண்ணெய், பொரித்த ஹலூமிப் பாலாடைக்கட்டி. மேசைத் தலையில் மாமனார். அவருக்கு இருபுறமும் பெரிய ஸீனோனும் சின்ன ஸீனோனும். பெரியவன் குச்சிபோல இருப்பான், எப்போதும் ஓடுவான். சின்னவன் குண்டு, எப்போதும் மெல்லுவான். தெயோக்னோசியாவின் கணவன் கிரியாகோஸ் எனக்கு எதிரே. பெயர்ப் பேச்சு எழுந்தால் காரைக் கழுவப் போய்விடுகிற மனிதன்.

நான் காகிதத்தை எடுத்தேன். கிரியாகோஸ் எழுந்து காரைக் கழுவப் போனான்.

முதலில் சுலபமானவற்றை வாசித்தேன், கடித்த நாக்கையும் விடவில்லை. ஆமைக் கதைக்குப் பெரியவன் கொதித்தான். “அதெப்படி புடிக்க முடியாது? நான் புடிப்பேன்!”

“ஆமை முன்னாடியே கெளம்பிட்டா நீ புடிக்க முடியாதுடா. அவரே சொல்லிட்டாரு” என்றான் சின்னவன், வாய் நிறைய ரொட்டியோடு.

“தாத்தா, நான் நாக்கு கடிச்ச ஸீனோன். நான்தான் மொதல்ல சொன்னேன்!” என்று கத்தினான் பெரியவன்.

“அப்ப நான் கஞ்சி ஸீனோன்.”

“கஞ்சி உனக்குப் பொருத்தம்தான்.”

“டேய், ரெண்டு பேரும் வாயை மூடுங்க. கஞ்சிக்காரரு நம்ம ஊரு ஸீனோன், அவரு எனக்கு. மத்தவங்களைப் பங்கு போட்டுக்கங்க” என்றார் மாமனார்.

தெயோக்னோசியா மேசைக்கடியில் என் காலை மிதித்தாள். நான் சக்கரவர்த்தியை வாசித்தேன். என் குரல் தானாகவே நடுங்கியதால் பயமாகத்தான் இருந்திருக்கும். கல்லறைக்கு வந்தபோது யாரும் மெல்லவில்லை.

மாமனார் முள்கரண்டியைக் கீழே வைத்தார்.

“உள்ளேருந்து சத்தம் வந்துதா?”

“வந்ததாச் சொல்றாங்க.”

“வெளிய ஆளு இருந்துதா?”

“காவல்காரங்க இருந்தாங்க.”

“தெறக்கலியா?”

“இல்ல.”

அவர் யோசித்தார். “அந்த ஆளுக்குப் பேரன் இருந்தானா?”

இந்தக் கேள்விக்கு நான் தயாராக இல்லை. ஆனால் பதில் தெரியும். “இல்ல தாத்தா. மகன் சின்ன வயசுலயே போயிட்டான்.”

“அதான்” என்றார். முள்கரண்டியை எடுத்துக் காராமணியைத் தொடர்ந்தார்.

“நாங்க இருந்தா தெறந்திருப்போம் தாத்தா” என்றான் பெரியவன். “நான் கடப்பாரை எடுத்துட்டு ஓடியாருவேன்.”

“நானும் வருவேன். ஆனா மெதுவா” என்றான் சின்னவன்.

“நீ வர்றதுக்குள்ள நான் நெஜமாவே செத்துருவேன்டா” என்றார் மாமனார். அத்திமரமே சிரித்ததுபோல இருந்தது. [இந்த உவமை வேண்டாம். எல்லோரும் சிரித்தார்கள். கார் பக்கமிருந்தும் சிரிப்பு வந்தது.]

தெயோக்னோசியா மட்டும் எலும்புத் தட்டுகளை அடுக்கிக்கொண்டு உள்ளே போனாள். [எலும்பு என்பதை அடிக்க வேண்டும், மேசையில் எலும்பே இல்லை.] வெறும் தட்டுகள்தான்.

5

இந்த இடத்தில் மாமனாரைச் சந்தேகப்படுகிறேன். கதைக்குத் தேவையான வாக்கியத்தைத் தேவையான நேரத்தில் சொல்கிற கிழவர்களை நான் நம்புவதில்லை. ஆனால் அவர் அதைத்தான் சொன்னார். தெயோக்னோசியாவிடம் இதைக் காட்டினேன்.

“ரொம்ப நல்லவரா எழுதியிருக்க. தாயக்கட்டைல திருடுவாரு, அதைப் போடு.”

போட்டுவிட்டேன்.

“என்னையும் கொஞ்சம் பாரு. கதையில நான் தோத்தவ மாதிரி உள்ள போறேன். நான் தோக்கலை. வெங்காயம் அரிஞ்சேன்.”

அதுவும் உண்மை. சமையலறையில் நான் போய் நின்றபோது அவள் வெங்காயம் அரிந்துகொண்டிருந்தாள். சாப்பாடு முடிந்தபின் யாருக்கு வெங்காயம் என்று நான் கேட்கவில்லை.

“கெழவருக்குக் கல்லறையைத் தெறக்க ரெண்டு பேரு இருக்காங்கல்ல, போதாதா?” என்றாள் அரிந்துகொண்டே. “மூணாவதா எவனாவது வந்துதான் கல்லைப் பொரட்டணுமா?”

“போதும்தான்.”

“எம் புள்ளைக்குன்னு ஒரு பேரு கேட்டேன். அவ்வளவுதானே? அது தப்பா?”

“தப்பில்ல.”

“அப்புறம் ஏன்டி அந்தாளு முகத்தைப் பாத்ததும் எனக்கு இப்பிடி ஆகுது?”

அவளுக்குப் பக்கத்தில் நின்று நானும் ஒரு வெங்காயத்தை எடுத்தேன்.

6

ஞானஸ்நானத்தில் பெயரைச் சொல்வது ஞானத்தாய். தெயோக்னோசியாவின் தங்கை டெஸ்போ. பாதிரியார் கேட்பார், அவள் உரக்கச் சொல்வாள். சொன்னபின் மாற்றமில்லை. கதை பலிக்காவிட்டால் இருக்கட்டும் என்று இந்த ஏற்பாட்டைத்தான் தெயோக்னோசியா முதலிலிருந்து நம்பியிருந்தாள். தங்கைக்கு ஆரிஸ் என்று சொல்லிக்கொடுத்தாகிவிட்டது. மாமனார் என்ன செய்தாலும் கோயிலுக்குள் வாய் டெஸ்போவுடையது.

முந்தின நாள் டெஸ்போ வந்தாள், சர்க்கரை பூசிய பாதாமைக் கூடையில் சுமந்துகொண்டு.

“அக்கா, ஆரிஸ்தானே? மாத்தமில்லையே?”

தெயோக்னோசியா குழந்தையின் காலுறையை இழுத்துவிட்டாள். நெடுநேரம் இழுத்தாள்.

“ரெண்டுல ஒண்ணு சொல்லு.”

“எது ரெண்டுல?”

“எது ரெண்டுன்னு ஒனக்குத் தெரியும். அங்க நின்னு, கெழவரு முகத்தையும் பாரு, புள்ளை முகத்தையும் பாரு. வாய்க்கு எது வருதோ அது. எங்கிட்ட இப்பச் சொல்லாத.”

“என்னை மாட்டிவிடுறியா?”

“நீதானே ஞானத்தாய்? வேலையைப் பாரு.”

[டெஸ்போவின் முகத்தை இங்கே வருணிக்கலாம். அவள் ஒரு பாதாமைக் கடித்தாள் என்று மட்டும் எழுதுகிறேன்.]

7

பெற்ற தாய் அந்த நேரத்தில் கோயிலுக்குள் இருக்கக் கூடாது என்று ஒரு பழக்கம். வீட்டு வாசலில் காத்திருப்பாள். பெயர் சொன்ன கணத்தில் பிள்ளைகள் ஓடிவந்து அவளிடம் சொல்ல வேண்டும். முதலில் வருகிற வாய்க்கு இனிப்பு. நகரத்தில் பலர் விட்டுவிட்டார்கள். மாமனார் விடவில்லை.

ஆகவே நாங்கள் இருவரும் வாசலில் நின்றோம். தெரு முனையில் கோயில். நேரான சந்து, நடுவில் ஒரு பூனை. அவள் கையில் சாக்லேட் உருகிக்கொண்டிருந்தது. எனக்கு இன்னொருவர் பக்கத்தில் பேசாமல் நிற்பது பிடிக்கும். அன்று வெயிலும் நன்றாக இருந்தது.

“எந்தப் பேரா இருந்தாலும் நான் அழுவேன். நீ பாக்காத” என்றாள்.

முதலில் கோயிலிலிருந்து வந்தது சின்னவன். கதவோரம் பாதாம் கூடைக்குப் பக்கத்தில் நின்றிருக்கிறான், அதனால் முந்திவிட்டான். கொஞ்சம் கழித்துப் பெரியவன். ஞானஸ்நானத் தொட்டிக்கு அருகே மெழுகுவர்த்தி பிடித்திருந்தவன், அதை யார் கையிலோ திணித்துவிட்டுப் பாய்ந்தான். ஒருவன் வாயில் பாதாம், இன்னொருவனுக்கு மூச்சு. இருவரும் எதையோ கத்திக்கொண்டே வருகிறார்கள். மேலே மணி அடிக்கிறது.

“என்ன பேருடி? கேக்குதா ஒனக்கு?”

எனக்குக் கேட்டுவிட்டது. “இல்ல” என்றேன். அது அவளுக்கு வர வேண்டியது, என் வாய் வழியாக அல்ல.

8

இப்போது முடிவு.

ஒரு முடிவில் பெயர் ஸீனோன். பல் டாக்டர் இனி இன்னும் கவனமாக இருக்க வேண்டும். கிழவர் தொப்பியைத் தொடுகிறார்.

இன்னொன்றில் பெயர் ஆரிஸ். மாடியிலிருந்து கூப்பிட்டால் ஒரே ஒரு தலை திரும்புகிறது. கிழவர் ஒரு வாரம் தாயம் ஆட வருவதில்லை. பிறகு வருகிறார், திருடுகிறார்.

இரண்டிலும் தெயோக்னோசியா அழுகிறாள். இரண்டிலும் நான் பார்க்கவில்லை.

எது என்று எனக்குத் தெரியும். ஆனால் எலேயாக்காரர் சொன்னதை நினைத்துக்கொள்கிறேன். ஓடுகிறவன் முதலில் பாதித் தூரம் வர வேண்டும். பிறகு மிச்சத்தில் பாதி. பிறகு அதில் பாதி. இப்படியே வந்துகொண்டிருப்பான், வந்து சேர மாட்டான். பள்ளியில் இதற்கு விடை படித்திருக்கிறேன். கரும்பலகையில் போட்டும் காட்டுவேன். இன்று போட விருப்பமில்லை. அவள் எந்தப் பெயரையும் இன்னும் இழக்காமல் நிற்கிற இந்த இடம் எனக்குப் பிடித்திருக்கிறது.

பூனை ஒதுங்கிவிட்டது. பெரியவன் சின்னவனுக்கு மிக அருகில் வந்துவிட்டான். பொறுக்க முடியாமல் தெயோக்னோசியா கையைக் குவித்துக் கத்துகிறாள்:

“டேய், ஸீனோன்!”

சின்னவன் நிமிர்கிறான். பெரியவன் நிமிர்கிறான். கோயில் வாசலுக்கு வந்து நின்ற கிழவர் திரும்பிப் பார்க்கிறார். அவருக்குப் பின்னால், உள்ளே, எண்ணெயும் தண்ணீரும் சொட்டச் சொட்ட வீரிட்டுக்கொண்டிருந்த குழந்தை, அந்தக் குரல் கேட்டதும் சட்டென்று—

மீதித் தூரத்தை நீங்கள் ஓடுங்கள்.